"உட்காரு" என்று சொல்லச் சொல்ல ஏன் எழுந்து நிற்கிறார்கள்?



இன்றைய பதிவு கொஞ்சம் நீளம். ஞாயிற்றுக்கிழமைதானே, காபியைக் கையில் எடுத்துக்கொண்டு பொறுமையாகப் படியுங்கள்.

போன வாரம் எனக்கு இரண்டு போன் வந்தன. ஒன்று என் பழைய மாணவி. மகன் இரண்டாம் வகுப்புப் படிக்கிறான். "டீச்சர், இவன் கிளாஸ்ல ஒரு இடத்துல உட்கார மாட்டேங்கிறானாம். மிஸ் தினமும் டைரியில எழுதி அனுப்புறாங்க. நானும் திட்டிப் பார்த்துட்டேன், அடிச்சும் பார்த்துட்டேன். குறையவே இல்ல, கூடத்தான் செய்யுது" என்றாள். குரல் உடைந்துவிட்டது.

இன்னொன்று என் தம்பி மகள். டெட் தேர்வுக்குப் படிக்கிறாள். "அத்தை, எதிர்மறை வலுவூட்டல்னா தண்டனைதானே? கைடுல ஒரு மாதிரி போட்டிருக்கு, யூடியூப்ல ஒரு மாதிரி சொல்றாங்க" என்று கேட்டாள்.

யோசித்துப் பார்த்தால் இரண்டு பேருக்கும் ஒரே பாடத்தில்தான் பதில் இருக்கிறது. ஆசிரியர் பயிற்சியில் கல்வி உளவியல் தாளில் அந்தப் பாடத்தை நானும் படித்தேன். எலி, பெட்டி, நெம்புகோல், உணவுத் தட்டு என்று படம் போட்டுப் பாகம் குறித்தேன், மதிப்பெண்ணும் வாங்கினேன். அது என் வகுப்பறையைப் பற்றிய பாடம் என்பது மட்டும் பல ஆண்டுகள் எனக்குத் தெரியாமலே போனது. அதனால் இன்று அந்த வரலாற்றை முதலிலிருந்து சொல்கிறேன்.

கதை ஸ்கின்னருக்கு முன்பே, 1890-களில், அமெரிக்காவில் தொடங்குகிறது. எட்வர்ட் தார்ண்டைக் என்ற இளைஞர் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் வில்லியம் ஜேம்ஸிடம் படித்துக்கொண்டிருந்தார். கோழிக்குஞ்சுகள் எப்படிக் கற்றுக்கொள்கின்றன என்று பார்ப்பதற்காகத் தங்கியிருந்த அறையிலேயே அவற்றை வளர்த்தார். வீட்டுக்கார அம்மா சும்மா இருப்பாரா? கூடாது என்று சொல்லிவிட்டார். பல்கலைக்கழகத்திலும் இடம் கிடைக்கவில்லை. கடைசியில் பேராசிரியர் ஜேம்ஸே தன் வீட்டு நிலவறையில் கோழிகளுக்கு இடம் கொடுத்தார். அவருடைய பிள்ளைகளுக்கு அது பெரிய வேடிக்கையாக இருந்ததாம்.

பிறகு தார்ண்டைக் நியூயார்க்கில் உள்ள கொலம்பியா பல்கலைக்கழகத்துக்குப் போனார். மரச்சட்டங்களால் புதிர்ப்பெட்டிகள் செய்தார். பசித்த பூனையை உள்ளே விட்டு, வெளியே உணவை வைப்பார். உள்ளே ஒரு கயிற்று வளையத்தை இழுத்தாலோ ஒரு பலகையை மிதித்தாலோ கதவு திறந்துகொள்ளும். பூனை பிறாண்டும், கடிக்கும், இடுக்கில் தலையை நுழைக்கும். தற்செயலாக ஒருமுறை வளையத்தில் கால் படும், கதவு திறக்கும். மறுபடி உள்ளே விட்டால் மறுபடியும் பிறாண்டல்தான். ஆனால் முறைக்கு முறை வெளியே வர ஆகும் நேரம் மெல்ல மெல்லக் குறைந்தது. முயன்று தவறிக் கற்றல் என்று நாம் படித்தது இதைத்தான். 1898-ல் இதையே ஆய்வேடாக வெளியிட்டார்.

அந்தக் காலத்தில் விலங்குகளின் அறிவைப் பற்றி எழுதியவர்கள் பெரும்பாலும் செவிவழிக் கதைகளை நம்பினார்கள். தார்ண்டைக் அதைக் கேலி செய்தார். எத்தனையோ நாய்கள் வழி தவறிக் காணாமல் போகின்றன, அதை யாரும் எழுதுவதில்லை. ஒரு நாய் வீடு திரும்பிவிட்டால் உடனே கதை ஆகிவிடுகிறது என்றார். கதை வேண்டாம், எண்ணிப் பார்ப்போம் என்பதுதான் அவர் கொண்டுவந்த மாற்றம்.

இதிலிருந்து வந்ததுதான் விளைவு விதி. ஒரு செயலுக்குப் பின் திருப்தி கிடைத்தால் அந்தச் செயல் வலுப்படும், துன்பம் கிடைத்தால் வலுவிழக்கும். நம் பாடநூலில் இரண்டு பாதியும் இருக்கும். பலருக்குத் தெரியாத ஒன்றைச் சொல்கிறேன். தார்ண்டைக் 1930-களின் தொடக்கத்தில் தன் விதியின் இரண்டாம் பாதியைத் தானே திருத்திக்கொண்டார். சொற்களுக்குப் பொருள் தேர்ந்தெடுக்கும் சோதனைகளில், "சரி" என்று சொன்னது அந்த விடையை வலுப்படுத்தியது. "தவறு" என்று சொன்னது அதே அளவுக்கு அந்த விடையை அகற்றவில்லை. வாழ்நாள் முழுதும் சிவப்பு மையில் பெருக்கல் குறி போட்ட என்னைப் போன்றவர்கள் இந்த இடத்தில் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும்.

இனி ஸ்கின்னர். 1904-ல் பென்சில்வேனியா மாநிலத்தில் சஸ்கொஹானா என்ற சிற்றூரில் பிறந்தவர். ஆங்கில இலக்கியம் படித்தார். எழுத்தாளர் ஆகவேண்டும் என்று ஆசை. பட்டம் வாங்கிய பிறகு பெற்றோர் வீட்டில் உட்கார்ந்து எழுதிப் பார்த்தார், ஒன்றும் ஓடவில்லை. 24 வயதில் உளவியல் படிக்க ஹார்வர்டுக்குப் போனார், 1931-ல் முனைவர் பட்டம் பெற்றார். கை வேலையில் கெட்டிக்காரர். கம்பி, பெட்டி, மோட்டார் எது கிடைத்தாலும் ஒரு கருவி செய்துவிடுவார்.

அவர் செய்த பெட்டி உங்களுக்குத் தெரியும். எலி நெம்புகோலை அழுத்தினால் ஓர் உணவு உருண்டை விழும். எலி எத்தனை வேகத்தில் அழுத்துகிறது என்பதை ஓடும் காகிதத்தில் ஒரு பேனா கோடாக வரைந்துகொண்டே போகும். பாவ்லவின் நாய்க்கு மணி அடித்தால் எச்சில் ஊறியது. அது தூண்டலுக்குத் தானாக வரும் துலங்கல். ஸ்கின்னரின் எலியோ தானே போய் ஒரு செயலைச் செய்கிறது, அதன் விளைவு அந்தச் செயலை மறுபடி செய்ய வைக்கிறது. அதனால்தான் இதற்குச் செயல்படு ஆக்கநிலையுறுத்தம் என்று பெயர். 1938-ல் இந்த ஆய்வுகளை நூலாக்கினார்.

இந்த ஆய்வுகளில் முக்கியமான இரண்டு, திட்டமிடாமல் நடந்தவை. ஒருநாள் உணவு போடும் கருவி சிக்கிக்கொண்டது. எலி அழுத்துகிறது, உருண்டை விழவில்லை. கருவி கெட்டுவிட்டதே என்று அலுத்துக்கொள்ளாமல் ஸ்கின்னர் காகிதத்தைப் பார்த்தார். எலி உடனே நிறுத்தவில்லை. கொஞ்ச நேரம் அழுத்தியது, பிறகு மெல்ல வேகம் குறைந்து ஓய்ந்தது. வலுவூட்டல் நின்றால் நடத்தை எப்படி அற்றுப்போகிறது என்பதைக் காட்டும் கோடு அது. அன்று வெள்ளிக்கிழமை, சொல்வதற்கு ஆய்வகத்தில் ஆள் இல்லை. இந்தக் கண்டுபிடிப்பு வெளியே தெரியும் முன் நமக்கு ஏதாவது ஆகிவிடக்கூடாதே என்று அந்த இரண்டு நாளும் சாலையை மிகக் கவனமாகக் கடந்ததாகப் பின்னாளில் எழுதினார்.

இரண்டாவது ஒரு சனிக்கிழமை மதியம். உணவு உருண்டைகளை அப்போது மருந்துக்கடை மாத்திரை அச்சில் அவரே கையால் செய்யவேண்டும். எட்டு எலிகள், நாள் ஒன்றுக்கு ஆளுக்கு நூறு உருண்டை. கையிருப்பைப் பார்த்தால் திங்கள் காலையில் தீர்ந்துவிடும் போலிருந்தது. உட்கார்ந்து உருட்டச் சோம்பல். ஒவ்வொரு அழுத்தலுக்கும் ஏன் உணவு கொடுக்கவேண்டும், நிமிடத்துக்கு ஒருமுறை மட்டும் கொடுத்தால் என்ன என்று நினைத்தார். எலி நிறுத்திவிடவில்லை, சீராக அழுத்திக்கொண்டே இருந்தது. அதைவிட ஆச்சரியம், பிறகு உணவை அடியோடு நிறுத்தியபோது, ஒவ்வொரு முறையும் உணவு பெற்றுப் பழகிய எலியைவிட, எப்போதாவது பெற்றுப் பழகிய எலிதான் நீண்ட நேரம் விடாமல் அழுத்தியது.

டெட் எழுதுகிறவர்கள் கவனியுங்கள். வலுவூட்டல் அட்டவணைகள் என்று நான்கு வகை படிக்கிறீர்களே, அதன் வேர் இந்தச் சனிக்கிழமைதான். நிலையான இடைவெளி, மாறும் இடைவெளி, நிலையான விகிதம், மாறும் விகிதம். ஃபெர்ஸ்டர் என்பவருடன் சேர்ந்து புறாக்களை வைத்து இவற்றை விரிவாக ஆராய்ந்து 1957-ல் ஒரு பெரிய நூலாக வெளியிட்டார். நான்கிலும் மாறும் விகிதம் பொல்லாதது. எத்தனையாவது முறை கிடைக்கும் என்று தெரியாது, ஆனால் எப்படியும் ஒருமுறை கிடைக்கும். சூதாட்டக்காரர் எழுந்து வராததற்கு இதுதான் காரணம் என்று ஸ்கின்னரே சொன்னார். போனில் யாராவது லைக் போட்டார்களா என்று நாம் விரலால் இழுத்து இழுத்துப் பார்ப்பதும் அதே வகைதான். (நானும்தான். இந்தப் பதிவைப் போட்டுவிட்டு எத்தனை முறை பார்ப்பேன் என்று என் வீட்டுக்காரரைக் கேளுங்கள்.)

வீட்டுக்கு இதில் ஒரு பாடம் இருக்கிறது. குழந்தை சாக்லேட் கேட்டு அடம்பிடிக்கிறது. ஒன்பது முறை மறுக்கிறோம். பத்தாவது முறை, விருந்தாளி வந்திருக்கிறாரே என்று கொடுத்துவிடுகிறோம். நாம் ஒன்பது முறை உறுதியாக இருந்ததாக நினைக்கிறோம். குழந்தை கற்றுக்கொண்டதோ பத்து முறை அழவேண்டும் என்பதை. எப்போதும் கொடுத்துப் பழக்கிய அடத்தைவிட, எப்போதாவது கொடுத்துப் பழக்கிய அடத்தை நிறுத்துவதுதான் கடினம்.

இரண்டாம் உலகப்போர் காலத்தில் ஸ்கின்னர் மின்னசோட்டாவில் இருந்தார். புறாக்களைப் பழக்கி ஏவுகணையை இலக்கு நோக்கிச் செலுத்த ஒரு திட்டம் போட்டார். மினியாபொலிஸ் நகரில் ஒரு மாவு ஆலையின் மேல்மாடியில் வேலை நடந்தது. திரையில் தெரியும் இலக்கின் உருவத்தைப் புறா கொத்தும், கொத்தும் இடத்தைப் பொறுத்துத் திசை திரும்பும். புறாக்கள் நன்றாகவே செய்தன. ஆனால் அரசு நம்பவில்லை, 1944-ல் திட்டத்தை நிறுத்திவிட்டது.

அந்த மாடியில் 1943-ல் ஒருநாள், அரசின் முடிவுக்காகக் காத்திருந்த நேரத்தில், ஒரு புறாவுக்குப் பந்து தள்ளச் சொல்லிக்கொடுக்க முயன்றார்கள். மரப்பந்தை அலகால் அடித்தால் தானியம் என்று வைத்துக் காத்திருந்தார்கள். புறா பந்தைத் தொடவே இல்லை. அப்புறம் வழியை மாற்றினார்கள். பந்தைப் பார்த்தாலே தானியம். அடுத்து பந்துக்கு அருகே அலகைக் கொண்டுபோனால் தானியம். அடுத்து தொட்டால். சில நிமிடங்களில் புறா பந்தைச் சுவருக்குச் சுவர் அடித்து விளையாட ஆரம்பித்துவிட்டது. முழுச் செயலும் வரும்வரை காத்திருக்காதே, அதன் சாயல் தெரிந்ததும் பாராட்டு, பிறகு படிப்படியாக உயர்த்து. நம் ஊரில் நல்ல நீச்சல் வாத்தியாரும் நல்ல பாட்டு டீச்சரும் இதைத்தான் செய்வார்கள்.

இப்போது தம்பி மகளுக்குப் பதில். கண்ணு, ஒன்றை மட்டும் நினைவில் வை. வலுவூட்டல் என்று பெயர் வந்தாலே நடத்தை கூடவேண்டும். தண்டனை என்றால் நடத்தை குறையவேண்டும். நேர், எதிர் என்பது நல்லது, கெட்டது அல்ல. கூட்டல் குறி, கழித்தல் குறி. ஒன்று வந்து சேர்ந்ததால் நடத்தை கூடினால் நேர்மறை வலுவூட்டல். ஒரு தொல்லை நீங்கியதால் நடத்தை கூடினால் எதிர்மறை வலுவூட்டல். தலைவலிக்கு மாத்திரை போட்டோம், வலி போயிற்று, அடுத்த முறை தலை வலித்தால் மாத்திரையைத் தேடுகிறோம். இது எதிர்மறை வலுவூட்டல். இதில் தண்டனை எங்கே இருக்கிறது?

இரண்டும் சேர்ந்து வரும் ஒரு காட்சியைச் சொல்கிறேன். பஸ்ஸில் குழந்தை வீறிட்டு அழுகிறது. எல்லோரும் திரும்பிப் பார்க்கிறார்கள். அம்மா போனைக் கொடுக்கிறாள், அழுகை நிற்கிறது. குழந்தைக்கு அழுததால் போன் கிடைத்தது, அது நேர்மறை வலுவூட்டல். அம்மாவுக்குப் போனைக் கொடுத்ததால் அழுகை போனது, அது எதிர்மறை வலுவூட்டல். குழந்தை இனி இன்னும் சீக்கிரம் அழும், அம்மாவும் இன்னும் சீக்கிரம் போனை எடுப்பாள். ஒருவர் மற்றவரைப் பழக்குகிறார்கள், இருவருக்குமே அது தெரியாது. இந்த உதாரணத்தைப் பிடித்துக்கொண்டால் எந்த வினாவும் உன்னைக் குழப்பாது.

தண்டனையைப் பற்றியும் ஸ்கின்னர் தன் 1938 நூலில் எழுதியிருக்கிறார். நெம்புகோலை அழுத்தப் பழகிய எலிகளுக்கு உணவை நிறுத்தினார். அதில் ஒரு குழு எலிகளுக்கு மட்டும், தொடக்கத்தில் சிறிது நேரம், அழுத்தும்போதெல்லாம் முன்னங்காலில் ஓர் அடி விழும்படி செய்தார். அடி விழுந்தபோது அழுத்தல் சட்டென்று குறைந்தது. அடி நின்ற பிறகு மறுபடி வந்தது. கடைசியில் கணக்குப் பார்த்தால், அடி வாங்கிய எலிகளும் வாங்காத எலிகளும் மொத்தத்தில் ஏறக்குறைய ஒரே அளவுக்குத்தான் அழுத்தியிருந்தன. பின்னால் வந்தவர்கள், கடுமையான தண்டனை நடத்தையை நீண்ட காலம் அடக்கக்கூடும் என்றும் காட்டினார்கள், அதையும் நேர்மையாகச் சொல்லவேண்டும். ஆனால் அடக்குவது வேறு, புதிதாக ஒன்றைக் கற்றுக்கொடுப்பது வேறு. எதைச் செய்யக்கூடாது என்று பிரம்பு சொல்லும், எதைச் செய்யவேண்டும் என்று அதற்குச் சொல்லத் தெரியாது. நம் நாட்டில் 2009-ன் கல்வி உரிமைச் சட்டம் பள்ளிப் பிள்ளைகளுக்கு உடல் தண்டனையையும் மன உளைச்சல் தருவதையும் தடை செய்துவிட்டது என்பதையும் நினைவில் வையுங்கள்.

1953 நவம்பரில் ஸ்கின்னர் தன் மகள் படித்த நான்காம் வகுப்புக் கணக்கு வகுப்பைப் பார்க்கப் போனார். தந்தையர் வந்து பார்க்கும் நாள். எல்லாப் பிள்ளைகளும் ஒரே கணக்கைப் போட்டுக்கொண்டிருந்தார்கள். சிலர் முடித்துவிட்டுச் சும்மா இருந்தார்கள், சிலர் திணறினார்கள். தான் போட்டது சரியா தவறா என்று யாருக்கும் உடனே தெரியவில்லை, தாள் திருத்தி மறுநாள்தான் வரும். எலிக்கு உடனே கிடைப்பது பிள்ளைக்குக் கிடைக்கவில்லையே என்று அவருக்குப் பட்டது. சில நாட்களிலேயே கற்பிக்கும் இயந்திரம் ஒன்றைச் செய்ய ஆரம்பித்தார். சிறு சிறு படிகள், ஒவ்வொன்றுக்கும் உடனே விடை, அவரவர் வேகம். இன்று போனில் மொழி கற்றுக்கொடுக்கும் செயலிகளில் நீங்கள் பார்ப்பதும் இதே முறைதான்.

(அந்த மகளைக் குழந்தையாக இருந்தபோது ஆய்வுப் பெட்டியில் அடைத்து வளர்த்தார், அவள் மனநலம் கெட்டுப்போனாள் என்று ஒரு வதந்தி இன்றும் சுற்றுகிறது. அது வெப்பம் சீராக இருக்கும்படி செய்த தொட்டில். அதில் நெம்புகோலும் இல்லை, ஆய்வும் இல்லை. அந்த மகளே 2004-ல் கார்டியன் நாளிதழில் கட்டுரை எழுதி மறுத்தார். யாராவது உங்களுக்கு அனுப்பினால் மற்றவர்களுக்கு அனுப்பாதீர்கள்.)

இனிதான் முக்கியமான இடம். இதுவரை வலுவூட்டல் என்றால் உணவு என்றே பேசினோம். ஆனால் எது வலுவூட்டி என்று கொடுப்பவர் முடிவு செய்ய முடியாது. நடத்தை கூடினால்தான் அது வலுவூட்டி. இந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு 1960-களில் சிலர் பள்ளிக்கூடத்துக்குள் வந்தார்கள்.

சியாட்டிலில் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தின் மழலையர் பள்ளியில் மூன்று வயதைக் கடந்த ஒரு சிறுமி புதிதாகச் சேர்ந்தாள். நடக்கத் தெரிந்த குழந்தை. ஆனால் பள்ளிக்கு வந்ததிலிருந்து பெரும்பாலும் தவழ்ந்துகொண்டே இருந்தாள். ஐயோ பாவம் என்று ஆசிரியர்கள் அவள் அருகில் போய்க் குனிந்து பேசினார்கள், கொஞ்சினார்கள். ஆய்வாளர்கள் இதை மாற்றச் சொன்னார்கள். தவழும்போது கண்டுகொள்ள வேண்டாம். எழுந்து நின்றாலும் நடந்தாலும் உடனே போய் அன்பாகப் பேசுங்கள். இரண்டு வாரத்தில் மற்றக் குழந்தைகளைப் போல நடந்து ஓடினாள். கவனிப்புத்தான் காரணமா என்று சோதிக்க மறுபடி பழையபடி தவழும்போது கவனித்தார்கள், தவழல் திரும்ப வந்தது. மறுபடி மாற்றினார்கள், எழுந்துவிட்டாள். 1964-ல் இதை வெளியிட்டார்கள். ஆசிரியரின் பார்வை, பேச்சு, அருகில் வந்து நிற்பது, இவைதான் அங்கே உணவு உருண்டை.

கொஞ்சினால் சரி, திட்டினால்? அதற்கும் விடை வந்தது. இல்லினாய் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த வெஸ்லி பெக்கரும் அவருடன் இருந்தவர்களும் இரண்டு ஆசிரியர்கள் சேர்ந்து நடத்திய ஒரு முதல் வகுப்பை ஆராய்ந்து 1968-ல் எழுதினார்கள். பிள்ளைகள் இடத்தைவிட்டு எழுந்துகொண்டே இருந்தார்கள். ஆசிரியர்கள் "உட்காரு, உட்காரு" என்று சொல்லிக்கொண்டே இருந்தார்கள். ஆய்வாளர்கள், இன்னும் அதிகமாகச் சொல்லுங்கள் என்றார்கள். ஆசிரியர்கள் பல மடங்கு சொன்னார்கள். எழுந்து நிற்பது குறையவில்லை, கூடியது. பழையபடி குறைத்துச் சொன்னபோது அதுவும் குறைந்தது. பிறகு எழுந்தவர்களை விட்டுவிட்டு, உட்கார்ந்து வேலை செய்யும் பிள்ளைகளைப் பெயர் சொல்லிப் பாராட்டச் சொன்னார்கள். அப்போதுதான் எழுந்து நிற்பது நன்றாகக் குறைந்தது.

இது எப்படி ஆசிரியருக்குத் தெரியாமல் போகிறது? "உட்காரு" என்றதும் அந்தப் பையன் உட்கார்ந்துவிடுகிறானே! அந்த நொடியில் அதட்டல் பலித்ததாகத்தான் தெரியும். அதனால் ஆசிரியர் இன்னும் அதட்டுவார். பையனுக்கோ டீச்சர் தன் பெயரைச் சொல்லிக் கூப்பிட வேண்டுமென்றால் எழுந்து நிற்கவேண்டும் என்று ஆகிவிட்டது. பஸ்ஸில் பார்த்தோமே அம்மாவும் குழந்தையும், அதே கதை. பெக்கர் இதைக் குறைசொல்வதன் பொறி என்றார். குறை சொல்பவரே மாட்டிக்கொள்ளும் பொறி.

இதைப் படித்தபோது நான் பணியில் சேர்ந்து பல ஆண்டுகள் ஆகியிருந்தன. அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. என் வகுப்பில் முதல் நாளே நான் பெயர் கற்றுக்கொள்வது யாருடையது? சேட்டை செய்பவனுடையது. ஒரு மணி நேரத்தில் பத்து முறை அவன் பெயரைச் சொல்வேன். மற்றவர்களும் அவனைத் திரும்பிப் பார்ப்பார்கள். அவனைத் திருத்துவதாக நான் நினைத்தேன், அவனுக்கு ஒரு மேடை போட்டுக் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

அதைவிட என்னை உறுத்துவது வேறொன்று. சில ஆண்டுகளுக்கு முன் ஒரு கல்யாணத்தில் ஒரு பெண் வந்து "டீச்சர், என்னைத் தெரியுதா?" என்று கேட்டாள். முகம் தெரிந்தது போலிருந்தது, பெயர் வரவில்லை. அவளே பெயரைச் சொன்னாள். அவளோடு படித்த இரண்டு குறும்புக்காரப் பையன்களை நானே பெயர் சொல்லி விசாரித்தேன். அவள் சிரித்துக்கொண்டே, "அவங்க பேரெல்லாம் ஞாபகம் இருக்கு டீச்சர். என்னை நீங்க பேர் சொல்லிக் கூப்பிட்டதே இல்லையே" என்றாள். குற்றமாகச் சொல்லவில்லை, விளையாட்டாகத்தான் சொன்னாள். இரண்டு வருடம் என் முன்னால் நடு பெஞ்சில் உட்கார்ந்து, சொன்னதைக் கேட்டு, சொன்னதைச் செய்த பிள்ளை. நல்லபடி இருந்ததற்கு என்னிடமிருந்து அவளுக்குக் கிடைத்தது ஒன்றுமே இல்லை. அம்மா, நீ இந்தப் பதிவைப் படித்தால், இந்த டீச்சரை மன்னித்துவிடு. உன்னைப் போல இன்னும் எத்தனை பேரோ, அவர்களுக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

அப்படியானால் எல்லாவற்றுக்கும் ஸ்டார், ஸ்டிக்கர், பரிசு என்று கொடுத்துவிடலாமா? அங்கேயும் வரலாறு எச்சரிக்கிறது. 1973-ல் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தின் மழலையர் பள்ளியில் லெப்பர், கிரீன், நிஸ்பெட் மூவரும் ஓர் ஆய்வு செய்தார்கள். ஸ்கெட்ச் பேனாவால் படம் வரைவதில் ஏற்கனவே ஆசையுள்ள பிள்ளைகள். ஒரு குழுவிடம், வரைந்தால் சான்றிதழ் தருவோம் என்று முன்கூட்டியே சொன்னார்கள். இன்னொரு குழுவுக்குச் சொல்லாமல் கொடுத்தார்கள். மூன்றாவது குழுவுக்கு எதுவும் இல்லை. ஓரிரு வாரம் கழித்துப் பார்த்தால், பரிசுக்காக வரைந்த பிள்ளைகள் மற்ற இரண்டு குழுவையும்விடப் பாதி நேரம்தான் வரைந்தார்கள். தானாக ஆசைப்பட்டுச் செய்வதற்குக் கூலி பேசினால், கூலி இல்லாத நாளில் ஆசையும் குறைகிறது. ஏற்கனவே கதைப்புத்தகம் விரும்பிப் படிக்கும் பேரனுக்குப் பக்கத்துக்குப் பத்து ரூபாய் என்று பேரம் பேசாதீர்கள்.

ஸ்கின்னரின் மாணவர்களே இன்னொரு எல்லையையும் கண்டார்கள். கெல்லர் பிரெலண்ட், மரியன் பிரெலண்ட் தம்பதி, மாவு ஆலைத் திட்டத்தில் அவருடன் வேலை செய்தவர்கள். பிறகு விலங்குகளைப் பழக்குவதையே தொழிலாக நடத்தினார்கள். நாணயத்தை எடுத்து உண்டியலில் போட்டால் பன்றிக்கு உணவு என்று பழக்கினார்கள். முதலில் நன்றாகச் செய்தது. நாளாக ஆக, நாணயத்தைத் தரையில் போட்டு மூக்கால் கிண்ட ஆரம்பித்துவிட்டது. உணவு தாமதமானாலும் கிண்டலை விடவில்லை. பன்றியின் பிறவிக் குணம் பயிற்சியை மீறி வந்தது. 1961-ல் இதை வெளிப்படையாக எழுதினார்கள். ஒவ்வோர் உயிருக்கும் அதன் இயல்பு உண்டு. எதையும் எப்படியும் வளைக்கலாம் என்று நினைப்பது சரியில்லை. உட்காரவே முடியாத பிள்ளைக்கு உடம்பில் ஏதாவது காரணம் இருக்கலாம், பாடம் புரியாமல் இருக்கலாம், பசியாகவும் இருக்கலாம். அதை முதலில் பார்க்கவேண்டும்.

என் மாணவிக்கு நான் சொன்னது இவ்வளவுதான். அம்மா, முதலில் கண்ணும் காதும் சரியாக இருக்கிறதா என்று ஒருமுறை பரிசோதித்துவிடு. மூன்று நாள் ஒரு நோட்டில் எழுது. அவன் எழுந்து ஓடும்போது நீ என்ன செய்தாய், உட்கார்ந்திருந்தபோது என்ன செய்தாய் என்று. உட்கார்ந்திருந்தபோது "அப்பாடா" என்று அடுப்படிக்குப் போயிருப்பாய், அங்கேதான் மாற்றவேண்டும். ஐந்து நிமிடம் உட்கார்ந்து எழுதினால் பக்கத்தில் போய்த் தலையைத் தடவி, "இந்த வரி அழகா இருக்குடா" என்று சொல். சும்மா "குட் பாய்" என்று சொல்லாதே, செய்ததைச் சொல். ஐந்து நிமிடம் ஆறாகட்டும், ஆறு எட்டாகட்டும். மாவு ஆலைப் புறாவை நினைத்துக்கொள். எழுந்து ஓடினால், ஆபத்து இல்லையென்றால், பெரிதுபடுத்தாதே. முதல் சில நாள் ஆட்டம் கூடும். இதுவரை கிடைத்தது கிடைக்கவில்லை என்றால் யாருமே முதலில் இன்னும் பலமாகத்தான் தட்டிப் பார்ப்பார்கள். அப்போது நீ தளர்ந்து கத்திவிட்டால் அடுத்த முறை இன்னும் பலமாகத் தட்டுவான். அவனுடைய மிஸ்ஸிடமும் சண்டைக்குப் போகாமல் மெதுவாகப் பேசு. டைரியில் அவன் உட்கார்ந்திருந்த நேரத்தையும் ஒரு வரி எழுதச் சொல்லிக் கேள்.

"சரி டீச்சர், ஒரு மாசம் பார்த்துட்டுச் சொல்றேன்" என்றிருக்கிறாள். நானும் காத்திருக்கிறேன்.

ஸ்கின்னர் 1990 ஆகஸ்டில் காலமானார். அதற்கு எட்டு நாள் முன்புகூட மேடையில் நின்று பேசினார். மனிதனுக்குச் சுதந்திரமே இல்லை என்கிறாரா என்று அவரோடு சண்டை போட்டவர்கள் நிறைய. அந்தச் சண்டை இன்னும் தீரவில்லை, நாம் தீர்க்கவும் வேண்டாம். நமக்கு வேண்டியது சின்ன விஷயம். நம் வீட்டில், நம் வகுப்பில், நம் அலுவலகத்தில் யாருடைய எந்தச் செயலுக்கு நாம் உடனே திரும்பிப் பார்க்கிறோம்? எதைப் பார்த்தும் பேசாமல் போய்விடுகிறோம்?

உங்களில் பலர் இன்று ஆசிரியர்கள். நாளைக் காலை வகுப்புக்குப் போனதும், நடு பெஞ்சில் சத்தமில்லாமல் உட்கார்ந்திருக்கும் ஒரு பிள்ளையைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, அது நன்றாகச் செய்த ஒன்றைச் சொல்லுங்கள். நான் செய்யாமல் விட்டதை நீங்கள் செய்தால் எனக்கு அதுவே போதும்.

எல்லோரும் நலமாக இருங்கள்.

என்றும் அன்புடன்,
உங்கள் டீச்சர்